வாத்துக்குப் பயந்த தபால்காரன்

என் படங்களைப் பற்றி முனிக் பத்திரிகைக்காரர்கள் எழுதுவதை நான் படிப்பதில்லை. மலை, மூன்று பாட்டு, கடைசியில் கல்யாணம். ஆறு வருடத்தில் எட்டுப் படம் இப்படித்தான் எழுதினேன். யுத்தத்தில் ஊரே இடிந்து கிடக்க இவளுக்கு மலையும் பாட்டும் கேட்கிறதா என்றார்கள். இடிந்த ஊரைப் பார்க்க எவனாவது டிக்கெட் வாங்குவானா? ஜன்னலைத் திறந்தால் போதுமே.

தயாரிப்பாளர் புஷ்மன் எதைச் சொன்னாலும் எழுதிக் கொடுப்பேன். ஒன்றுக்கு மட்டும் மசியமாட்டேன். எல்லாப் படத்திலும் அரை நிமிடம் எவால்ட் கல்வைட் என்றொரு தபால்காரன் வருவான். வாத்தைக் கண்டால் சைக்கிளைப் போட்டுவிட்டு ஓடுவான்.

ஒன்பதாவது கதையைக் கொடுத்தபோது புஷ்மன் அதை மேஜையில் வீசினார்.

"ஏம்மா வால்ட்ராவுட், மறுபடியும் அந்த வாத்துக்காரனா? விநியோகஸ்தர் என்னைத் திட்டுறார். அவனை எடுத்துடு."

"முடியாது சார்."

"பேரையாவது மாத்து. இந்த ஊர்ப் பவேரியாக்காரன் வாயில நுழையுற பேரா அது?"

"கதாநாயகனைக் கொன்னுடுங்க, நான் ஒண்ணும் சொல்லலை. இவன் பேரோட இருக்கணும்."

"யாரும்மா அவன், உன் புருஷனா?"

"புருஷன் செத்தது எனக்குத் தெரியும். இவன் என் தம்பி. இருக்கானா, செத்தானான்னுதான் தெரியலை."

நாற்பத்தைந்து ஜனவரியில், ரஷ்யப் படைக்குப் பயந்து எங்கள் கிழக்குப் பிரஷ்யாவிலிருந்து ஓடிவரும் வழியில், பதினேழு வயதுப் பிள்ளையை எங்கள் சிப்பாய்களே சண்டைக்கு இழுத்துக்கொண்டு போனார்கள். நான் மட்டும் கப்பல் ஏறினேன். செஞ்சிலுவைச் சங்கம் மூன்று முறை தகவல் இல்லை என்று எழுதிவிட்டது. ரேடியோவில் காணாமல் போனவன் பெயரை ஒரு தடவைதான் வாசிப்பார்கள். தியேட்டரில் தினம் மூன்று காட்சி.

இதையெல்லாம் சொல்லி முடிப்பதற்குள் அழுதுவிட்டேன். அந்த மனிதர் முன்னால் அழுததில் எனக்கே என்மேல் கோபம்.

புஷ்மன் வீசிய கதையை மறுபடி தன் பக்கம் இழுத்துக்கொண்டார்.

"முன்னாடியே சொல்லித் தொலைச்சிருக்கலாம்ல. முதல் காட்சியிலேயே வரட்டும். தெருவுல நாலு பேர் பேர் சொல்லிக் கூப்பிடட்டும். வாத்து இருபது போதுமா?"

படம் இலையுதிர் காலத்தில் வெளிவந்தது. மூன்றாவது வாரம், காசல் நகரத்து ஆஸ்பத்திரி ஒன்றிலிருந்து கம்பெனிக்கு ஒரு கடிதம் வந்தது. உறையில் 'கதை எழுதியவருக்கு' என்று மட்டும் இருந்தது. அது என் தம்பியின் கையெழுத்து. நாற்காலியில் உட்கார்ந்துதான் பிரித்தேன்.

"அக்கா, கப்பலோட நீயும் முழுகிட்டேன்னு சொன்னாங்க, நம்பிட்டேன். ரஷ்யாவுல கைதியா இருந்தேன், இந்த ஜனவரியிலதான் விட்டாங்க. நெஞ்சுச் சளிக்கு வைத்தியம் நடக்குது. ஞாயித்துக்கிழமை எங்களையெல்லாம் படத்துக்குக் கூட்டிட்டுப் போனாங்க. வார்டு முழுக்க இப்ப என்னைப் பார்த்து வாத்து மாதிரி கத்துறான். உனக்கு மனசாட்சி இருக்கா? வாத்தைப் பார்த்து ஓடுனது யாரு? நான் குச்சியோட முன்னாடி போவேன், நீ என் சட்டையைப் பிடிச்சுக்கிட்டு அழுதுக்கிட்டே வருவே."

உண்மைதான். பாவி, பதினோரு வருடம் கழித்து உயிரோடு வந்ததும் முதல் வேலையாகச் சண்டைக்கு நிற்கிறான். புஷ்மனிடம் லீவு கூடச் சொல்லாமல் காசலுக்கு ரயில் ஏறினேன்.