ஜன்னலோர மெஷின்

கறுப்புத் திரையில் கட்டளையைத் தட்டி முடித்தும் அவன் என்டரை அழுத்தவில்லை. காலையிலிருந்து ஆபீஸில் எல்லாக் கம்ப்யூட்டர்களிலும் சிவப்புப் பட்டை ஒன்று ஒட்டிக்கொண்டிருந்தது: லைசென்ஸ் காலாவதி. கோப்பைத் திறந்து படிக்கலாம். ஓர் எழுத்தைக்கூட மாற்ற முடியாது. புது லைசென்ஸ் எண்ணைக் கொடுக்கும்போது மேனேஜர் குரலைத் தாழ்த்தியிருந்தார்.

"ஜன்னலோர மெஷின விட்டுடுப்பா. அடுத்த மாசத்துலேர்ந்து அந்த சீட்டே கிடையாது. இப்போதைக்கு வாயத் தெறக்காத."

ஜன்னலோரத்தில் உட்காருபவள் அவனுடைய அண்ணி. அவனுக்கு இந்த வேலையை வாங்கிக்கொடுத்ததும் அவள்தான். ஒவ்வொரு மேசையாகப் போனால் அவள் முகத்தைப் பார்க்க வேண்டியிருக்கும். அதனால்தான் தன் இடத்திலிருந்தபடியே எல்லா மெஷின்களுக்கும் ஒரே கட்டளையை எழுதியிருந்தான், ஒன்றை மட்டும் விட்டுவிட்டு. அழுத்தினான்.

போன கரண்ட் வந்ததுபோல் ஆபீஸ் கலகலத்தது. மேசைக்கு மேசை பட்டைகள் மறைந்தன.

"கம்ப்யூட்டர் டாக்டர் ஊசி போட்டுட்டாருய்யா!" என்று கத்தினார் கணக்காளர். பிறகு ஜன்னல் பக்கம் திரும்பினார். "என்ன டாக்டரே, சொந்த அண்ணிய மறந்துட்டீங்க? ராத்திரி சோறு கெடைக்காது, பாத்துக்குங்க."

அப்போதுதான் அவனுக்கு உறைத்தது. ஒவ்வொன்றாகச் செய்திருந்தால் சாயங்காலம்வரை யாரும் கவனித்திருக்க மாட்டார்கள். இப்போது ஆபீஸ் முழுவதற்கும் ஒரே ஒரு சிவப்பு.

அதே கட்டளையில் அவள் மெஷினின் பெயரை அவசரமாகத் தட்டினான். விரல் என்டர்மேல் நின்றது. கண்ணாடி அறைக்குள்ளிருந்து மேனேஜர் பார்த்துக்கொண்டிருந்தார். அவனுடைய ஒப்பந்தத்தை நீட்டிக்கும் கையெழுத்தும் அவர் போட வேண்டியதுதான்.

அண்ணி எழுந்து வந்து பின்னால் நின்றாள்.

"அதான் என் மெஷின் பேரு வந்துருச்சே. அப்புறம் எதுக்கு தம்பி புடிச்சு வச்ச புள்ளையாராட்டம் உக்காந்திருக்க?"

அவன் கண் கண்ணாடி அறைக்குப் போய் வந்தது. அவளும் அங்கே பார்த்தாள். மேனேஜர் போனை எடுத்துத் தலையைக் குனிந்துகொண்டார்.

"ஓ," என்றாள். தன் மெஷின் பக்கம் திரும்பி, "பிரிண்டாவது வருமா?"

"வரும் அண்ணி."

"அது போதும்."

தன் இடத்துக்குப் போனாள். பிரிண்டர் முனகி ஒரே ஒரு தாளைத் துப்பியது. அவனைத் தாண்டித்தான் அதை எடுத்துப்போனாள்; இந்த ஆபீஸுக்கு வரும்முன் அவள் தயாரித்திருந்த பயோடேட்டா. மேசையில் அதை நீவி விரித்து, பேனா மூடியைப் பல்லால் கழற்றி, கடைசி வரிக்குக் கீழே இந்த ஆபீஸின் பெயரைக் கையால் எழுதத் தொடங்கினாள்.

கறுப்புத் திரையில் அவள் மெஷின் பெயருக்குப் பக்கத்தில் கர்சரின் சிறு கோடு அணைந்து அணைந்து எரிந்துகொண்டிருந்தது.