மேசைமேல் இருந்த ரொட்டி

என் வீட்டுக்காரர், யூத குரு ரபி அவிக்தோருக்கு ரொம்ப மூளை என்று ஊரே சொல்லும். அந்த மூளையோடு மல்லுக்கட்டி அலுத்துப்போனவள் நான் ஒருத்திதான்.

போன கோடையில் சேவல் இறகுத் தொப்பிப் போலீஸ்காரர்கள் எங்கள் ஊர் யூத ஆண்களைக் கட்டாய வேலைக்குப் பிடித்துப் போக வந்தார்கள். கொண்டுபோவது சண்டை நடக்கிற இடத்துக்கு. போனவன் செத்தான் என்று சொல்லச் சாட்சி இல்லாவிட்டால் அவன் மனைவி காலம் முழுக்க அவன் மனைவிதான். வேறு கல்யாணம் கிடையாது. அதனால் இவர் வீடு வீடாகப் போய், ஒவ்வொரு பெண்ணையும் புருஷன் கையிலிருந்து விவாகரத்துக்கான தள்ளுதல் சீட்டு வாங்க வைத்தார். "திரும்பி வந்தா மறுபடி கட்டிக்கலாம்மா, அழாதே" என்று தேற்றினார்.

கடைசியில் இரண்டு சாட்சிகளோடு என்னிடம் வந்தார். ஒருவன் குளியல்கூடத்தில் அடுப்பெரிக்கும் நொண்டி லெமல்.

"நான் வாங்க மாட்டேன். நீங்க ஆசாரிய வம்சம். தள்ளி வெச்சவளை நீங்க கட்டக் கூடாது, சொந்தப் பொண்டாட்டியா இருந்தாலும் கூடாது. நான் என்ன கிறுக்கியா?"

"அதுக்குத்தான் நிபந்தனை போட்டிருக்கேன், த்ரெய்னே. வர்ற பாஸ்கா பண்டிகைக்கு முந்தி வந்துட்டா சீட்டு செல்லாது. வராட்டி இன்னைலேருந்தே உனக்கு விடுதலை."

"ஒரு நாள் பிந்தினா?"

இவர் சீட்டை என் பக்கம் நீட்டினார். லெமல் தரையைப் பார்த்தான். வெளியே போலீஸ்காரன் கதவை உதைத்தான். வாங்கித் தொலைத்தேன்.

பாஸ்கா வந்தது, போனது. அவர் வரவில்லை. அவரோடு வண்டியேறிய இன்னொரு சாட்சியும் வரவில்லை. நான் தள்ளி வைக்கப்பட்டவளா, விதவையா? என்னவென்று அழுவது என்றுகூட எனக்குத் தெரியவில்லை.

பண்டிகை முடிந்து சில நாள் கழித்து, கொட்டும் மழையில், மத்தியானம் கதவைத் திறந்தால் அவர் நிற்கிறார். காலில் செருப்பில்லை, கந்தல் சுற்றியிருந்தது. பாதித் தாடியைக் காணோம்.

"ஐயோ, உள்ளே வாங்க!"

வரவில்லை. வாசற்படிக்கு வெளியிலேயே நின்றார்.

"அங்கே நாள் கணக்கே தப்பிப்போச்சு, த்ரெய்னே. ராத்திரி ராத்திரியா நடந்தே வந்தேன். நீ சொல்லு. பாஸ்கா முடிஞ்சுதா?"

வாயைத் திறந்தேன். என்ன சொல்லியிருப்பேனோ, சத்தியமாகத் தெரியாது. அதற்குள் அவர் கண் என்னைத் தாண்டி மேசைக்குப் போய்விட்டது. அங்கே பாதிச் சோள ரொட்டி கிடந்தது.

"ரொட்டி! வீட்டிலே ரொட்டி இருக்கு! அப்போ பாஸ்கா இன்னும் வரலை!" என்று கதவு நிலையைப் பிடித்துக்கொண்டு அழுதார்.

பாஸ்கா வாரத்தில்தான் வீட்டில் புளித்த ரொட்டி இருக்காது. முந்தின நாளும் இருக்கும், முடிந்த மறுநாளும் இருக்கும். பால் குடிக்கிற பிள்ளைக்குத் தெரியும் இது. இத்தனை படித்த மனுஷனுக்குத் தெரியாதா? பசியில் புத்தி மழுங்கிவிட்டதா?

"இன்னும் எத்தனை நாள் இருக்கு?"

"நாலு" என்றது என் வாய்.

அவர் உள்ளே வந்தார்.

அப்புறம் கேட்பானேன்! டைபஸ் காய்ச்சல் என்று தெருவுக்குச் சொல்லி ஒருத்தரையும் அண்டவிடவில்லை. முடிந்துபோன பண்டிகைக்கு மறுபடி வீட்டைத் தேய்த்துக் கழுவினேன். ரொட்டியை எரித்தேன். புளிப்பில்லா அப்பம் சுட்டேன். அவர் எழுந்து ஜெபக்கூடம் போனால் குட்டு உடையும். அதற்கப்புறம்? அதை நினைக்கவே பயந்தேன்.

நாலாம் நாள் சாயங்காலம் மேசையில் அப்பத்தை வைக்கும்போது லெமல் வந்து நின்றான். டைபஸுக்கெல்லாம் அவன் பயப்படுகிறவன் இல்லை. சீட்டில் கையெழுத்துப் போட்டவன், தேதி தெரிந்தவன். மேசையைப் பார்த்தான். என்னைப் பார்த்தான். இவன் ஒரு வார்த்தை சொன்னால் அவர் எழுந்து வெளியே போய்விடுவார். அப்படிப்பட்ட மனுஷன்.

"என்ன ரபியம்மா, பாஸ்காவா?"

"ஆமா லெமல், உட்காரு" என்றார் இவர், நான் வாய் திறப்பதற்குள்.

லெமல் மெதுவாகத் தொப்பியைச் சரிசெய்தான். "எனக்கும் ஒரு துண்டு குடுங்க, ரபி. பசிக்குது."

இவர், எங்கள் முன்னோர் எகிப்து அடிமைத்தனத்திலிருந்து கிளம்பிய யாத்திராகமக் கதையை வாசித்தார். சாப்பிட்டோம். பிறகு, அன்று ராத்திரி வீடு வீடாக வருவார் என்று நம்புகிற எலியா தீர்க்கதரிசிக்குக் கிண்ணம் நிரப்பிக் கதவைத் திறந்து வைக்க வேண்டிய நேரம் வந்தது. வருஷா வருஷம் செய்கிற பழக்கத்தில் லெமல் எழுந்து நொண்டிக்கொண்டே போய்த் தாழ்ப்பாளில் கை வைத்தான்.

அப்போதுதான் எனக்கு உறைத்தது. பாஸ்கா என்றால் பௌர்ணமி. கதவைத் திறந்தால் நிலா வெளிச்சம் படியில் விழ வேண்டும். வெளியே அமாவாசை இருட்டு. இத்தனை தூரம் ராத்திரி ராத்திரியாக நடந்தே வந்தவர் வானத்தைப் பார்க்காமலா வந்திருப்பார்?

அவர் முகத்தைப் பார்த்தேன். அவர் என்னைப் பார்க்கவில்லை, கிண்ணத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"திறக்கட்டுமா, ரபி?"

"வேண்டாம் லெமல். குளிருது. சாத்தியே இருக்கட்டும்" என்றார்.

அடுப்புச் சூட்டில் அவர் நெற்றியெல்லாம் வேர்த்திருந்தது.