நீலம் கூடிய படங்கள்

வலது கண்ணில் புரை எடுத்து, மறுநாள் கட்டைப் பிரித்ததும் ஒளிப்பதிவாளர் தன் வீட்டுக் குளியலறைச் சுவரைப் பார்த்தார். பளிச்சென்று வெள்ளையாக இருந்தது. இன்னும் புரை எடுக்காத இடது கண்ணால் பார்த்தார். அதே சுவர் பழைய காகிதம்போல் மஞ்சளித்துக் கிடந்தது. மாற்றி மாற்றி மூடிப் பார்த்தார்.

"செவத்துக்கிட்ட என்ன கண்ணடிச்சிக்கிட்டு நிக்கிறீங்க?" என்றாள் மனைவி.

அவருக்குச் சிரிப்பு வரவில்லை. முப்பத்தொரு வருடங்கள், நாற்பது படங்கள். ஜன்னல் வெளிச்சம் ஒன்றே போதும் என்பார். படப்பிடிப்பில் விளக்குகளை ஒவ்வொன்றாக அணைக்கச் சொல்வதால் லைட்மேன்கள் வைத்த பெயர் 'கரண்ட் கட்'. கடைசி இரண்டு படங்களில் அந்த வெளிச்சத்தோடு ஒரு நீலமும் வந்து சேர்ந்திருந்தது. பத்திரிகைகள் புதிய பாணி என்று கொண்டாடின. பேட்டியில் கேட்டபோது, "தனிமையின் நிறம்" என்று அவரும் வாய்க்கு வந்ததைச் சொல்லிவைத்தார்.

இப்போது புரிந்தது. புரை விழுந்த கண்ணுக்கு எல்லாமே மஞ்சள். அதைச் சரிக்கட்டத்தான் நீலத்தைக் கூட்டியிருக்கிறார்.

மதியம் மனைவி கத்தக் கத்த, கறுப்புக் கண்ணாடியை மாட்டிக்கொண்டு ஸ்டுடியோவுக்குப் போனார். பன்னிரண்டு வருடங்களாக அவர் படங்களுக்கு நிறம் திருத்தும் பெண், புதுப் படத்தில் பாதியை முடித்திருந்தாள். கண்ணாடியைக் கழற்றி, இடது கண்ணைப் பொத்திக்கொண்டு திரையைப் பார்த்தார். கதாநாயகி தண்ணீருக்குள்ளிருந்து எடுத்துப்போட்டவள் மாதிரி இருந்தாள்.

"உனக்குத் தெரியுமாம்மா?"

அவள் நிறத்தைக் கூட்டிக் குறைக்கும் குமிழிலிருந்து கையை எடுத்தாள். "தெரியும் சார். ரெண்டு படமா. மொதல்ல பாணின்னுதான் நெனச்சேன். அப்புறம் என் வெள்ளைச் சட்டையப் பாத்து, 'மஞ்ச உனக்கு நல்லாருக்கு'ன்னீங்க."

"அப்பவே சொல்றதுக்கென்ன?"

"ஜாடையா சொன்னேன். 'முப்பது வருஷமா பாக்குற கண்ணு'ன்னு எரிஞ்சு விழுந்தீங்க. அதான் நீங்க கெளம்பினப்புறம் கொஞ்சங் கொஞ்சமா கொறைச்சு வெச்சேன். இந்தப் படத்துல இன்னும் கொறைக்கல."

"அப்போ அவங்க புகழ்ந்தது?"

"பாதி உங்களது. பாதி நான் கொறைச்சு வெச்சது."

கோபம் வரும் என்று எதிர்பார்த்தார். கால்கள்தான் வலித்தன. பின்னாலிருந்த சோபாவில் சரிந்தார். இத்தனை வருடமும் விடியலுக்கு முன்பே எழுந்து வெளிச்சத்துக்காகக் காத்து நின்ற அலுப்பெல்லாம் ஒன்றாகச் சேர்ந்து தோளில் ஏறியது.

"மொதல்லேர்ந்து போடு. நீயே பண்ணு, நான் வாயே தொறக்க மாட்டேன்."

"நெஜமாவா சார்?"

"அரைமணி நேரத்துக்காவது."

அவள் நீலத்தை இறக்க இறக்க, கதாநாயகியின் கன்னத்தில் ரத்தச் சிவப்பு ஊறியது. அவரே படமெடுத்த முகம்தான். அந்த நிறத்தை இன்றுதான் பார்க்கிறார்.

இயக்குநருக்குப் போன் செய்து, டைட்டிலில் இவள் பெயரைத் தன் பெயர் பக்கத்திலேயே போடச் சொன்னார். ஏன் என்று இயக்குநர் கேட்டதற்கு, "அவதான் பாத்தா" என்று மட்டும் சொல்லிப் போனை வைத்துவிட்டார்.

மருந்து விடும் நேரம் வந்தது. அவளே எழுந்துவந்து இரண்டு சொட்டு விட்டாள். ஐந்து நிமிடம் கண்ணை மூடியிருக்க வேண்டும் என்று டாக்டர் சொல்லியிருந்தார். அவர் முக்கால் மணி நேரம் தூங்கிவிட்டார்.