பிணம் மூச்சு விட்ட காட்சி

1

இந்தக் கதை பொறாமையில் பிறந்தது. பேசாப்படக் காலத்தில் துப்பறியும் கதைகளைப் படமாக்கியவர்களைப் பற்றிக் கட்டுரை எழுத உட்கார்ந்தேன். பேசிப் பேசியே உண்மையைக் கறக்கிற துப்பறிவாளனை வாயைத் திறக்கவிடாமல், அட்டையில் நாலு வரி எழுதிக் காட்டியே கொலைகாரனைப் பிடித்துவிட்டார்கள். நமக்கோ முந்நூறு பக்கம் போதவில்லை. கட்டுரை மூன்றாம் பத்தியில் படுத்துவிட்டது. படுத்த இடத்திலிருந்து ஓர் ஆள் எழுந்து வந்தார்.

2

பழைய படச்சுருள்களை ஃபிரேம் ஃபிரேமாகப் புதுச் சுருளில் பிரதி எடுப்பவர் அவர். [முதலில் 'கைராசிக்காரர்' என்று எழுதி அடித்துவிட்டேன்.]

மழை பிடித்துக்கொண்ட ஒரு காலையில், அவருடைய— [வேண்டாம். மழைக்கு இங்கே வேலையில்லை.]

எழுபதைத் தாண்டிய பெண்மணி ஒருவர் அவருடைய அறைக்கு வந்தார்.

"தம்பி, நீங்க காப்பாத்தின துப்பறியும் படத்துல பிணமா படுத்திருக்கறது எங்கம்மா. என்னைப் பெத்ததும் போயிட்டாங்க. ஒரு போட்டோகூட கிடையாது."

"உக்காருங்கம்மா. போட்டுக் காட்டறேன்."

திரையில் துப்பறிவாளன் போர்வையை விலக்கினான். இளம் முகம். அசைவே இல்லை.

"இன்னொரு தடவை போடுங்க தம்பி."

போட்டார்.

"மூச்சு விடுவாங்களே? நான் வயித்துல இருந்தேனாம். அடக்க முடியாம நெஞ்சு ஏறி இறங்கிடுச்சாம். டைரக்டர் அந்தத் திட்டு திட்டினாராம். சித்தி சொல்லிச் சொல்லிச் சிரிப்பாங்க. அதைப் பாக்கத்தான் வந்தேன்."

3

பிரதி எடுப்பவருக்குத் தூக்கிவாரிப் போட்டது. பிரதி எடுக்கும்போதே அந்த மூச்சை அவர் பார்த்திருந்தார். பிணம் மூச்சு விட்டால் கொலைக் கதை கேலிக்கூத்தாகிவிடுமே என்று, அசையாத ஒரே ஃபிரேமைக் காட்சி முடியும்வரை திரும்பத் திரும்பப் பிரதி எடுத்திருந்தார். தொழில் சுத்தம் என்று பாராட்டுகூடக் கிடைத்தது. அசல் சுருள் அதன்பின் மட்கிப் பொடியாகிவிட்டது.

[அசல் எங்கோ ஒரு பெட்டியில் பத்திரமாக இருப்பதாக எழுதிப் பார்த்தேன். பேனா ஒத்துழைத்தது, மனசுதான்—]

எனக்கு அவர்மேல் கோபம் வரவில்லை. பாவமாக இருக்கிறது. பிழை திருத்துகிற எவருக்கும் இது நேரலாம்.

4

அவர் உண்மையைச் சொல்லிவிடலாம். அல்லது, "அசல்லயே இப்படித்தாம்மா இருந்துச்சு" என்று சித்தியைப் பொய்யாக்கலாம். இரண்டையும் எழுதினேன். இரண்டிலும் அந்த அம்மாள் அழாமல் எழுந்து போனார். தாங்க முடியாமல் கிழித்துப் போட்டேன்.

இப்போது படம் மூன்றாம் முறையாக ஓடுகிறது. அந்த அம்மாள் நாற்காலியைத் திரைக்குப் பக்கத்தில் இழுத்துப் போட்டுக்கொண்டிருக்கிறார்.

"இதோ, இப்ப விடுவாங்க. பாருங்க தம்பி."

பிரதி எடுப்பவர் உங்கள் பக்கம் திரும்புகிறார். நீங்களே ஏதாவது சொல்லுங்கள். எனக்கு வாய் வரவில்லை.