ப்ரீடுவின் வீடு எரிந்த காட்சி

பிலிம் கழுவ அனுப்பிய மாஸ்கோ ஆய்வகத்திலிருந்து வந்த தந்தியில் ஒரே வரிதான் இருந்தது: நான்காம் சுருள் முழுவதும் பழுது, ஒரு பிரேம்கூடத் தேறாது. தாலினில், ஸ்டூடியோ வராந்தாவில் நின்று ஹெல்டுர் அதை மூன்று முறை படித்தான். நான்காம் சுருளில் இருந்தது வீடு. பன்னிரண்டு நாளுக்கு முன் தீவில் படப்பிடிப்புக்காக இவர்கள் கொளுத்திய வீடு. இப்போது அங்கே கல் அடித்தளமும் கரியும்தான் மிச்சம்.

செய்திப்படக்காரர்களுக்குப் பெட்டி சுமந்து தொடங்கி, இருபது வருடத்தில் ஒன்பது படங்களுக்கு ஒளிப்பதிவு செய்தவன் அவன். பிலிமை நம்பக் கூடாதென்று தெரியும். இரண்டாவது கேமரா கேட்டான். அது வேறு படப்பிடிப்பில் இருந்தது. சோதித்துப் பார்க்க ஒரு சுருள் கேட்டான், கைவிரித்துவிட்டார்கள். வீட்டுக்காரனைச் சம்மதிக்க வைத்ததும் அவன்தான். நாணல் வேய்ந்த அந்த வீட்டில்தான் மீனவன் ப்ரீடு பிறந்தான். கூட்டுப்பண்ணை எப்படியும் அதை இடிக்கப்போகிறது என்றாலும் அவனுக்கு மனம் வரவில்லை. புகைபோட்ட மீனைத் தட்டில் வைத்து ஹெல்டுர் பக்கம் நகர்த்தினான்.

"இடிச்சா ஒண்ணுமில்லாமப் போயிரும் ப்ரீடு. படத்துலயாவது இருக்கட்டுமே," என்றான் ஹெல்டுர்.

மறுநாள் கடலைப் பார்த்து, தீ வைக்கத் தோதாகக் காற்று எப்போது திரும்பும் என்று சொன்னதே ப்ரீடுதான்.

தந்தி வந்த பிறகு இயக்குநர் வேறு வழி பார்த்தார். கதாநாயகியின் அருகே தகரத் தட்டில் எண்ணெய்த் துணியை எரித்து, அந்த வெளிச்சத்தில் அவள் முகத்தை மட்டும் எடுக்கச் சொன்னார். ஹெல்டுர் எடுத்தான். வீட்டைக் காட்டாமலே தீயைக் காட்டிவிட்டான் என்று பத்திரிகைகள் எழுதின. அந்த ஒரு காட்சிக்காகவே பரிசும் கிடைத்தது. தீவுக்குக் கடிதம் எழுத நாலைந்து தடவை உட்கார்ந்தான். "அன்புள்ள ப்ரீடு" என்பதற்கு மேல் பேனா நகரவில்லை.

மறுவருடம் வசந்தத்தில், ஒரு ஞாயிறு மதியம், தீவின் கலாச்சார மன்றத்தில் படம் போட்டார்கள். ஹெல்டுரையும் அழைத்திருந்தார்கள். ப்ரீடு கறுப்புக் கோட்டில் முன்வரிசையில் உட்கார்ந்திருந்தான். பக்கத்தில் அவன் அக்கா லைனே. இதற்காகவே அக்கரையிலிருந்து கப்பலேறி வந்தவள். படம் முடிந்து விளக்கு எரிந்ததும் எல்லோரும் கைதட்டினார்கள். ப்ரீடு எழுந்து ஹெல்டுரிடம் வந்து குரலைத் தாழ்த்தினான்.

"நல்லாருந்துச்சுப்பா. வீட்டை அடுத்த பாகத்துலயா காட்டுவாங்க?"

ஹெல்டுர் பிலிம் கெட்டதையும் தந்தி வந்ததையும் சொன்னான். சொல்லச் சொல்ல அவன் காதுக்கே அது சாக்குப்போக்காகப் பட்டது.

"நீ என்ன பண்ணுவ," என்றான் ப்ரீடு. கொஞ்சம் பொறுத்து, "அன்னிக்கு அது எரியறத நான் பாக்கல. முதுகைக் காட்டிக்கிட்டே நின்னேன். நீதான் பிடிச்சு வச்சிருப்பியே, அக்காவோட உக்காந்து பாத்துக்கலாம்னு."

அதற்கு மேல் அவன் நிற்கவில்லை.

ஜன்னல் வழியாகப் பேருந்து நிறுத்தம் தெரிந்தது. லைனே தம்பியிடம் ஏதோ விசாரித்துக்கொண்டிருந்தாள். இரண்டு உள்ளங்கைகளையும் வீட்டுக் கூரைபோல் சாய்த்துப் பிடித்து, பிறகு ஒரு கையை எடுத்து, காற்றில் ஓர் இடத்தைத் தொட்டு, இங்கேதானே என்பதுபோல் அவன் முகத்தைப் பார்த்தாள். ப்ரீடு தொப்பியைக் கையில் பிடித்தபடி எல்லாவற்றுக்கும் தலையாட்டிக்கொண்டிருந்தான்.