ஒரு வரி மறுப்பு

பதினோரு விநாடி வீடியோதான். அதில் ஜெசிந்தா தலையில் முக்காடு போட்டுக்கொண்டு, "போகச் சொன்னா போறோம் மாமி" என்கிறாள். பக்கத்தில் சுங்குடிச் சேலையும் ஸ்டிக்கர் பொட்டுமாக நாஸியா திருதிருவென்று விழிக்கிறாள். அத்தோடு முடிகிறது. மேலே யாரோ கொட்டை எழுத்தில் எழுதியிருந்தார்கள்: இந்த நாடு இவர்களுக்கு வேண்டாமாம்.

மேடையில் அந்த வசனம் அங்கே முடியவில்லை. "போகச் சொன்னா போறோம் மாமி. ஆனா பெருநாளைக்கு பிரியாணி குடுத்த டப்பாவெல்லாம் வந்தாத்தானே போக முடியும்? பதினாலு டப்பா உங்க ஃப்ளாட்லதான் இருக்கு" என்பதுதான் முழு வசனம். நாஸியா எழுதியது. அடுக்ககத்தில் குடியிருக்கும் முஸ்லிம் பெண்ணாக ஜெசிந்தாவும், அவளை ஊரைவிட்டுப் போகச் சொல்லும் பக்கத்து வீட்டு மாமியாக நாஸியாவும் நடிப்பார்கள். டப்பா வரும் இடத்தில் கூட்டம் விழுந்து விழுந்து சிரிக்கும். வீடியோவை வெட்டியவருக்கு டப்பா தேவைப்படவில்லை.

'மீனும் மூக்குக்கண்ணாடியும்' என்பது தங்கள் நகைச்சுவை ஜோடிக்கு அவர்கள் வைத்துக்கொண்ட பெயர். ஜெசிந்தாவின் அம்மா சாந்தோம் கடற்கரையில் மீன் விற்கிறார். நாஸியாவின் அத்தா நூர் முஹம்மது தி.நகரில் கண்ணாடிக் கடை வைத்திருக்கிறார். கடையில் பவர் பார்த்து எழுதுவது நாஸியாவின் வேலை. இரண்டு வருடங்களுக்கு முன் தனியாக மேடையேறிய நாஸியா, முஸ்லிம் என்பதால் வாடகை வீடு கிடைக்காத கதையைச் சொன்னபோது கூட்டம் சிரிக்கவில்லை. முன் வரிசையில் ஒரு அம்மாள் கண்ணைத் துடைத்துக்கொண்டார். அதே நாளில் ஜெசிந்தா தன் கறுப்பு நிறத்தைப் பற்றிப் பேசி அதே மாதிரி பரிதாபத்தைச் சம்பாதித்தாள். இருவரும் வெளியே டீ குடித்துக்கொண்டே ஒரு முடிவுக்கு வந்தார்கள். இனி அவள் கதையை இவள் சொல்வது, இவள் கதையை அவள் சொல்வது. அனுபவித்தவள் எழுத வேண்டும், மற்றவள் பேச வேண்டும். அதன்பிறகு ஜனங்கள் தைரியமாகச் சிரித்தார்கள்.

அந்த ஏற்பாடுதான் இப்போது காலை வாரியது. முக்காடு போட்டவள் முஸ்லிம், பொட்டு வைத்தவள் இந்து என்று ஊர் முடிவு கட்டிவிட்டது. ஜெசிந்தாவுக்கு வந்த வசவுகளைப் படிக்க முடியவில்லை. மதத்தைச் சொல்லித் திட்டியவர்கள் போகிற போக்கில் நிறத்தையும் சேர்த்துக்கொண்டார்கள். நாஸியாவுக்கோ அனுதாபம் குவிந்தது. பாவம் நம்ம பொண்ணு, இவளிடம் மாட்டிக்கொண்டு முழிக்கிறது என்றார்கள். சகோதரி விழித்துக்கொள் என்றார்கள். பிறந்ததிலிருந்து அவளுக்கு இத்தனை அண்ணன்கள் கிடைத்ததில்லை. முதல் நாள் சிரித்தாள். இரண்டாம் நாள், அந்த அன்பு தன் பெயர் தெரியாதவரைக்கும்தான் என்பது நெஞ்சில் முள்ளாகக் குத்தியது.

மூன்றாம் நாள் ஜெசிந்தாவைப் பள்ளியில் கூப்பிட்டுவிட்டார்கள். கோபாலபுரத்தில் ஒரு சிறிய பள்ளிக்கூடத்தில் அவள் விளையாட்டு ஆசிரியை. தலைமையாசிரியை அஸ்வினி நல்ல மாதிரி. அவர் கோபித்துக்கொள்ளவில்லை. பெற்றோர்களின் வாட்ஸ்அப் குழுவில் புகார் மேல் புகார் வருவதாகச் சொன்னார். நீ கிறிஸ்டியன் என்பது எங்களுக்குத் தெரியும், ஊருக்குத் தெரியவில்லை, திங்கட்கிழமைக்குள் ஒரே ஒரு வரி பொதுவில் போட்டுவிடு, நான் அதைக் காட்டி எல்லோர் வாயையும் அடைத்துவிடுகிறேன் என்றார். போடாவிட்டால் நிர்வாகம் என்ன செய்யும் என்று ஜெசிந்தா கேட்டாள். அதற்கு அவர் மேஜை மேலிருந்த பேப்பர் வெயிட்டைத் திருப்பித் திருப்பி வைத்தார்.

வியாழக்கிழமை சாயங்காலம் கடையிலிருந்து நாஸியா நேராக சாந்தோமுக்குப் போனாள். ஜெசிந்தா குடியிருக்கும் ஹவுசிங் போர்டு மொட்டை மாடியில் வலை காய்ந்துகொண்டிருந்தது. மழை விட்டிருந்தது. ஜெசிந்தாவின் அம்மா ஒரு தட்டு நெத்திலி வறுவலையும், பிளாஸ்டிக் உறையில் ஒரு காகிதத்தையும் கொண்டுவந்து வைத்தார். ஞானஸ்நான சர்டிஃபிகேட். மாதா கோயில் முத்திரையோடு இருந்தது. இதைப் போட்டோ எடுத்துப் போட்டால் வேலை முடிந்தது, இதற்குப் போய் இரண்டு நாளாக உட்கார்ந்து யோசிக்கிறாளே என்று நாஸியாவிடம் குறைப்பட்டுவிட்டுக் கீழே இறங்கிப் போனார்.

"அம்மா சொல்றதுதான் சரி," என்றாள் நாஸியா. "உண்மையைத்தானே சொல்லப்போறே. நானே எழுதித் தர்றேன்."

எழுதினாள். அவர்கள் இருவரில் எழுத்து அவளுக்குத்தான் ஓடும். 'என் பெயர் ஜெசிந்தா. நான் முஸ்லிம் இல்லை' என்பது முதலாவது. ஜெசிந்தா அதை உரக்கப் படித்தாள். திருட்டு கேஸில் பிடிபட்டவள் போலீஸிடம் சொல்வது மாதிரி இருக்கிறது என்றாள். 'நான் ஒரு கிறிஸ்தவப் பெண். எல்லா மதங்களையும் மதிப்பவள்' என்பது இரண்டாவது. கூடவே உயரமும் சம்பளமும் போட்டால் வரன் வரும் என்றாள். மூன்றாவதை நாஸியா ஜாக்கிரதையாக எழுதினாள்: 'அந்தக் காட்சியில் நான் முக்காடு அணிந்தது நடிப்புக்காக மட்டுமே.'

"சினிமாவுல சிகரெட் புடிச்சா கீய எழுத்து ஓடுமே, அந்த மாரி கீதுடி," என்றாள் ஜெசிந்தா. "முக்காடு உடல் நலத்துக்குக் கேடு."

நாஸியா அடக்க முடியாமல் சிரித்தாள். பிறகு இருவருமே சிரிப்பதை நிறுத்திவிட்டார்கள். எப்படித் திருப்பிப் போட்டாலும் அந்த வரியில் ஒரு குற்றம் இருந்தது. அது தன்மேல் இல்லை என்று ஜெசிந்தா கையை விரிக்கும்போது, அது யார்மேல் போய் விழுகிறது என்பதை இருவரும் சொல்லிக்கொள்ளவில்லை.

"கறுப்பின்னு சொன்னா எங்கிட்ட பத்து பதில் கீது," என்றாள் ஜெசிந்தா. "சின்ன வயசுலேர்ந்து பயக்கம். இதுக்கு இன்னா சொல்றதுன்னே தெர்ல. உனக்கு டெய்லி இப்டித்தானா?"

"டெய்லி இல்ல. வாரத்துக்கு ரெண்டு."

ஜெசிந்தா ஒரு நெத்திலியை வாயில் போட்டுக்கொண்டு, நம் வழக்கப்படி பார்த்தால் இது என் கஷ்டம், மேடையில் நீதான் பேசியாக வேண்டும் என்றாள். சனிக்கிழமை அடையாறில் அவர்கள் நிகழ்ச்சி இருந்தது. "ஸ்டேஜ்ல நீயே சொல்லு மச்சி. 'நான் முஸ்லிம் இல்ல'ன்னு. பொட்டு வெச்சுக்கினு சொன்னீன்னா செம காமெடி."

விளையாட்டாகத்தான் சொன்னாள். நாஸியாவும் விளையாட்டாகவே சொல்லிப் பார்க்க வாயைத் திறந்தாள். வரவில்லை. ஐந்து வேளையும் தொழுகிறவள் இல்லை அவள். நோன்பில்கூட நாலைந்து நாள் பிசகும். ஆனாலும் அந்த மூன்று வார்த்தைகள் தொண்டைக்கு மேல் ஏற மறுத்தன.

"என்னால முடியாது ஜெசி. அதை விளையாட்டுக்குக்கூடச் சொல்லக் கூடாது."

ஜெசிந்தா நெத்திலித் தட்டைத் தள்ளி வைத்தாள். "உன்னால சொல்ல முடியாததை நான் மட்டும் இன்னாத்துக்குச் சொல்லணும்?"

"உனக்கு அது உண்மை. உனக்கு வேலை இருக்கு. அம்மா இருக்காங்க."

"அது சரிதான்," என்றாள் ஜெசிந்தா. ஆனால் போனைக் கையில் எடுக்கவில்லை. நாஸியா எழுதிய தாளை மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டாள். திங்கட்கிழமைக்கு இன்னும் நாள் இருக்கிறது என்றாள்.

பஸ்ஸில் திரும்பி வரும்போது நாஸியாவுக்குத் தன்மேலேயே கோபம் வந்தது. அந்த வரியைப் போடு என்று சொன்னபோதெல்லாம், அவள் போடக் கூடாது என்று உள்ளுக்குள் ஆசைப்பட்டிருந்தாள். அடுத்தவளுடைய சோற்றில் கை வைக்கிற ஆசை அது. ஜெசிந்தா அந்த மறுப்பைப் போடாமலும் இருக்க வேண்டும், வேலையும் போகக் கூடாது என்றால் அதற்கு ஒரே ஒரு வழிதான் இருந்தது. அது வேறு ஒருத்தி வாயால் வர வேண்டிய வரி. அதற்காக அவர்கள் வழக்கத்தை உடைக்க வேண்டும். தன் கதையைத் தானே சொன்னால் யாரும் சிரிப்பதில்லை என்பதை அவள் ஏற்கெனவே பார்த்தாயிற்று.

மேடையில் தானே பேசப்போவதை மறுநாள் கடையில் அத்தாவிடம் சொன்னாள். அவர் ஒரு ஃபிரேமில் லென்ஸைப் பொருத்திக்கொண்டிருந்தார். துணியால் துடைத்து, வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார்.

"பேரைச் சொல்லு. கடை பேரு வேண்டாம்," என்றார். கண்ணாடியை உறையில் வைத்துவிட்டு, "போன தடவை நீ தனியாப் பேசினப்போ நான் ஒருத்தன்தான் சிரிச்சேன். அதுவும் உனக்காகத்தான்," என்றார்.

"தெரியும் அத்தா."

"இந்தத் தடவை நான் வரலை. நல்லா இருந்தா சிரிப்பாங்க. இல்லேன்னா உனக்கே தெரியணும்."

சனிக்கிழமை சாயங்காலம் ஐந்து மணிக்கு அடையாறில் அறுபது நாற்காலியும் நிறைந்து, பின்னால் சிலர் நின்றுகொண்டிருந்தார்கள். வீடியோ செய்த உபகாரம். அந்தக் கூடத்தில் மற்ற நாட்களில் பரதநாட்டியம் சொல்லிக்கொடுக்கும் பாண்டுரங்கன், வாசலில் நின்று ஒவ்வொருவர் முகத்தையும் சந்தேகமாகப் பார்த்து அனுப்பினார். மூன்றாவது வரிசையில் தலைமையாசிரியை அஸ்வினி உட்கார்ந்திருந்தார். புகார் செய்த பெற்றோரில் இருவரையும் கூட்டிவந்திருந்தார். திரைக்குப் பின்னாலிருந்து அவரைப் பார்த்ததும் ஜெசிந்தாவின் கை தானாகச் சட்டைப்பையிலிருந்த தாளுக்குப் போனது.

"முதல் நாலு நிமிஷம் எனக்கு," என்றாள் நாஸியா.

"இன்னா பண்ணப்போறே?"

"என் வரியைச் சொல்லப்போறேன்."

மேலும் கேட்பதற்குள் மேடைக்குப் போய்விட்டாள். அதே சுங்குடிச் சேலை, அதே பொட்டு. கைதட்டல் அரைகுறையாக வந்தது. மைக்கைக் கையில் எடுத்தாள்.

அந்த வீடியோவைப் பார்த்தவர்கள் கை தூக்கச் சொன்னாள். ஏறக்குறைய எல்லாக் கையும் எழுந்தது.

"அதுல ரெண்டு பேர் இருக்கோம். ஒருத்தி முஸ்லிம்," என்றாள். முன்வரிசையில் தலைகள் ஆடின. "அது நான். என் பேரு நாஸியா. நூர் முஹம்மது பொண்ணு."

கூடத்தில் ஃபேன் சத்தம் மட்டும் கேட்டது. அவளுக்குத் தெரிந்த அமைதிதான். இரண்டு வருடங்களுக்கு முன் கேட்டது. யாராவது கண்ணைத் துடைக்கிறார்களா என்று பார்த்தாள். இல்லை. வாய்தான் பிளந்திருந்தது. சரி, இவர்கள் பரிதாபப்படவில்லை, கணக்குத் தப்பிப்போனவர்கள் மாதிரி முழிக்கிறார்கள் என்று அவளுக்குப் பட்டது. அது வேறு. அதில் வேலை செய்யலாம்.

"ஒரு வாரமா இந்துப் பொண்ணா இருந்தேங்க. ரொம்ப நல்லா இருந்துச்சு. நூத்தி நாப்பது அண்ணன்கள். ஒருத்தர், 'தங்கச்சி, பயப்படாதே, உன்னைக் காப்பாத்த வேளச்சேரியிலேர்ந்து கிளம்பிட்டேன்'னு போட்டாரு." நிறுத்தினாள். "மழை. இன்னும் வந்து சேரலை."

பின்னால் நின்றிருந்த ஒரு பெண்தான் முதலில் சிரித்தாள். கெக்கெக்கென்று, மரியாதை பார்க்காத சிரிப்பு. அதைக் கேட்டு நாலு பேர் சிரித்தார்கள். மழைக்கு மழை தண்ணீரில் மிதக்கும் வேளச்சேரிக்காரர்களாக இருக்க வேண்டும். பிறகு அது நாற்காலி நாற்காலியாக முன்னால் வந்தது.

"வாங்கண்ணே. தண்ணி வடிஞ்சதும் வாங்க. கதவைத் தட்டினா எங்க அத்தா திறப்பாரு. மொதல்ல உங்களை உட்கார வெச்சு கண் டெஸ்ட் பண்ணுவாரு. ரெண்டு பேர்ல யார் யாருன்னு தெரியாம அவ்வளவு தூரம் வந்திருக்கீங்களே, பவர் நிறைய இருக்கும்."

இந்த முறை சிரிப்பு மொத்தமாக வந்து மோதியது. அவளை யாரும் தட்டிக்கொடுக்கவில்லை, யாரும் மன்னிப்புக் கேட்கவில்லை. மற்ற எவருக்கும் சிரிப்பதுபோல அவளுக்கும் சிரித்தார்கள். இது கிடைக்காது என்றல்லவா இத்தனை நாள் எண்ணியிருந்தோம் என்று நினைத்தாள். உடனே அடுத்ததற்குப் போனாள்.

பேசி வைக்காமலே ஜெசிந்தா உள்ளே வந்தாள். கூட்டம் அவளைப் பார்த்தது, அஸ்வினியும் பார்த்தார். அப்படியானால் நீ யார் என்று எல்லோர் முகத்திலும் எழுதியிருந்தது.

"என்னைப் பார்க்கறீங்க," என்றாள் ஜெசிந்தா மைக்கைப் பிடுங்கிக்கொண்டு. "நான் பி.டி. டீச்சர். விசில் அடிச்சா எந்த சாமியைக் கும்புட்றவனா இருந்தாலும் ஓடணும். அவ்ளோதான் நம்ம மார்க்கம்."

அதற்கு மேல் ஒரு வார்த்தையும் விளக்கம் சொல்லவில்லை. யாரும் கேட்கவுமில்லை.

நிகழ்ச்சி முடிந்ததும் அஸ்வினி மேடை ஓரத்துக்கு வந்தார். அவரோடு வந்த பெற்றோரில் ஒருவர் பாதியிலேயே எழுந்து போயிருந்தார். இன்னொருவர் கடைசிவரை இருந்து, போகும்போது பாண்டுரங்கனிடம் அடுத்த நிகழ்ச்சி எப்போது என்று விசாரித்துவிட்டுப் போனாராம்.

"அந்த ஒரு வரி வேண்டாம் ஜெசிந்தா," என்றார் அஸ்வினி. "நான் அதைக் கேட்டிருக்கவே கூடாது. சில பேர் இன்னும் புகார் எழுதுவாங்க. நிர்வாகத்துல நான் பேசிக்கறேன். நீ திங்கட்கிழமை ஏழு மணிக்கு கிரவுண்டுக்கு வந்துடு. ரிலே டீம் இன்னும் தேர்வு பண்ணலை."

பிறகு நாஸியாவின் பக்கம் திரும்பினார். அவள் கையை ஒரு தடவை அழுத்திவிட்டுப் போனார்.

பஸ் ஸ்டாப்புக்கு நடந்தார்கள். நாஸியாவின் போன் பைக்குள் அதிர்ந்துகொண்டே இருந்தது. இன்றைய வீடியோவும் ஏறிவிட்டது என்று அர்த்தம். அவள் எடுக்கவில்லை. ஜெசிந்தா நெருங்கி வந்து அவள் தோளைப் பிடித்தாள். நன்றி சொல்லப்போகிறாளோ என்று நாஸியாவுக்குக் கூச்சமாக இருந்தது.

"'அது நான்'னு சொன்னே பாரு, அங்க அவசரப்பட்டுட்டே," என்றாள் ஜெசிந்தா. "ஒடனே பேரைச் சொல்லிட்டே. ஒரு மூச்சு வுட்டிருந்தா அங்கியே சிரிச்சிருப்பானுங்க."

"பயமா இருந்துச்சுடி."

"பயந்துக்கினே நில்லு. ஆனா நில்லு. எங்க, சொல்லு."

"இங்கயா?"

"அட, சொல்லு. ஒருத்தி முஸ்லிம்."

நாஸியா சுற்றிலும் பார்த்தாள். ஸ்டாப்பில் ஆபீஸ் முடிந்து வந்தவர்கள் ஏழெட்டுப் பேர் நின்றிருந்தார்கள். காய்கறிப் பையோடு ஒரு அம்மாள் பெஞ்சில் உட்கார்ந்திருந்தார்.

"அது நான்," என்றாள்.

பெஞ்சிலிருந்த அம்மாள் திரும்பிப் பார்த்தார். ஜெசிந்தா விரலை உயர்த்தி, இன்னும் பேசாதே என்று சைகை காட்டினாள். நாஸியா காத்திருந்தாள். அம்மாளும், அடுத்தது என்ன என்பதுபோல் காத்திருந்தார். சாந்தோம் போகிற பஸ் வந்து நின்று, இரண்டு பேரை ஏற்றிக்கொண்டு புறப்பட்டது. நாஸியாவும் ஜெசிந்தாவும் ஏறவில்லை.

"இன்னொரு வாட்டி," என்றாள் ஜெசிந்தா. "கொஞ்சம் சத்தமா."