சுழல் நாற்காலியில் பிறந்தவன்

1

நான் பிறக்கும்போதே ஏழு சுற்று சுற்றிவிட்டுத்தான் பிறந்தேன். வெளிநாட்டில், ஒரு முடிதிருத்தும் கடையில், சுழல் நாற்காலியில். பக்கத்தில் நின்ற அப்பாவுக்குப் பாதி முகத்தில் சோப்பு நுரை. ஏழாவது சுற்றில் வெளியே வந்து, எதிரே இருந்த கண்ணாடியில் என்னைப் பார்த்து, பரவாயில்லை என்று தலையசைத்தேன்.

நம்ப வேண்டாம். என் அக்காவே இதை முழுசாக ஒப்புக்கொண்டதில்லை.

இந்தக் கதை எப்படிப் பிறந்தது என்பதையும் சொல்லிவிடுகிறேன். விமானம் தாமதம், அதனால் பிறந்தது. மனைவி என் தோளில் தூங்குகிறாள். வழியனுப்ப வந்த அக்கா, பார்வையாளர் சீட்டு வாங்கி உள்ளே வந்து, விமானம் கிளம்பும்வரை நகரமாட்டேன் என்று இந்தப் பக்கம் உட்கார்ந்திருக்கிறாள். நான் எழுதி முடிக்கிற ஒவ்வொரு தாளையும் பிடுங்கிக்கொண்டு, சிவப்புப் பேனாவால் திருத்துகிறாள். அவள் ஓய்வுபெற்ற தணிக்கை அதிகாரி. வீட்டில் பெயரே ‘தணிக்கை’தான்.

நான் ரயில் நிலைய அறிவிப்பாளனாக இருந்தவன். பணிக்காலம் முழுக்க எழுதிக் கொடுத்ததை மட்டும் வாசித்தேன். ஓய்வு பெற்ற அன்று வாயைத் திறந்தேன். இன்னும் மூடவில்லை.

2

வேறு தொடக்கங்களும் எழுதிப் பார்த்தேன்.

‘அந்த அலுவலகத்தின் மின்விசிறி, சம்பளம் வராத ஒரு—’

வேண்டாம். மின்விசிறியில் தொடங்கும் அலுவலகக் கதைகளை யாராவது தடை செய்தால் நல்லது.

‘தான் யார் என்று அவனுக்கே தெரிய—’

ஐயோ, தத்துவம். நான் யார் என்று எனக்கு நன்றாகத் தெரியும். அரசாங்கத்துக்குத்தான் தெரியவில்லை.

நேராகவே வருகிறேன். மகள் வெளிநாட்டில் இருக்கிறாள். முதல் பிரசவம். எழுந்து நடமாடக் கூடாது என்று டாக்டர் சொல்லிவிட்டார். போனில் அவள் குரல் நூலாக வந்தது.

“அம்மா மட்டும் வந்தா பத்தாதுப்பா. நீங்களும் வாங்க. பக்கத்துல உக்காந்து எதையாவது அளந்துக்கிட்டே இருங்க. பயம் தெரியாது.”

என் அளப்புக்கு இதுவரை திட்டுதான் கிடைத்திருக்கிறது. வெற்றிலை பாக்கு வைத்து அழைத்தது அன்றுதான். மனைவிக்கு பாஸ்போர்ட் உண்டு. கைக்குழந்தையாக அம்மாவின் பாஸ்போர்ட்டில் ஒட்டிக்கொண்டு நாடு திரும்பியவன் நான், அதற்குப் பிறகு எங்கும் போகவில்லை. பாஸ்போர்ட்டுக்குப் பிறப்புச் சான்று வேண்டும். அப்பா காலத்தில் தூதரகம் கொடுத்த சான்று பீரோவில் பத்திரமாக இருந்தது. அதில் ஊர்ப் பெயர் மட்டும்தான், எந்த இடம் என்று இல்லை.

நான்தான் அதை மேலும் பத்திரப்படுத்த நினைத்தேன். பிளாஸ்டிக் உறைக்குள் வைத்து, இஸ்திரிப் பெட்டியைச் சூடாக்கி, அழுத்தினேன். என் பிறப்பு பெட்டியின் அடியில் ஒட்டிக்கொண்டு வந்துவிட்டது.*

* மனைவி இன்னும் அதே பெட்டியில்தான் துணி தேய்க்கிறாள். என் சட்டைகள் எல்லாவற்றின் முதுகிலும் தூதரக முத்திரை தெரியும். (மிகை. ஒரு சட்டையில்தான்.)

3

வெளிநாட்டில் பிறந்த குடிமக்களுக்குச் சான்றின் மறுபிரதி தர ஒரு தனி அலுவலகம் இருக்கிறது. சாம்பல் நிற அலமாரிகள், ஒரு கால் ஆடும் பெஞ்சு, கண்ணாடித் தடுப்புக்குப் பின்னால் ஒரு கவுண்ட்டர் அம்மா.

“எந்த ஊர்னு சொல்லிட்டீங்க. அங்க எந்த இடத்துல பொறந்தீங்க சார்?”

ஊரெல்லாம் சலூன், சலூன் என்று முழங்கியவன், அந்தக் கண்ணாடிக்கு முன்னால் கோழையாகிவிட்டேன். என் அம்மா சொன்னதாக அக்கா சொல்வதையே எழுதிக் கொடுத்தேன்: ஆஸ்பத்திரி.

பத்து நாள் கழித்துப் போனபோது கவுண்ட்டர் அம்மா உதட்டைப் பிதுக்கினார்.

“ஆஸ்பத்திரி ஃபைல் கட்டு முழுக்கப் பார்த்தாச்சு. நீங்க அதுல பொறக்கல சார்.”

வாழ்க்கையில் ஒரே ஒரு தடவை அடக்கமாகப் பேசினேன். அது பொய்யாகிவிட்டது.

“ஆஸ்பத்திரிக்கு வெளியே பொறந்தவங்களுக்குத் தனிக் கட்டு இருக்கு,” என்றார் அவர். “என்ன இடம்னு தெரிஞ்சாதான் தேட முடியும். நேர்ல பார்த்தவங்க யாராவது வந்து வாக்குமூலம் குடுக்கணும். அப்பா அம்மா?”

“போய்ட்டாங்க.”

“வேற மூத்தவங்க?”

ஒரே ஒருத்தி. அப்போது அவளுக்கு ஏழு வயது.

4

இந்தப் பாத்திரத்தின் மேல் எனக்குச் சந்தேகம் இருக்கிறது. பஸ்ஸில் கண்டக்டர் டிக்கெட் கொடுக்க மறந்தால், இறங்கிய பிறகும் துரத்திப் போய் வாங்குகிற ஒருத்தியை வாசகர் நம்புவாரா? அவளை ஒரு அண்ணனாக மாற்றிப் பார்த்தேன். அண்ணன் இரண்டாவது வரியிலேயே கையெழுத்துப் போட்டுவிட்டுத் தூங்கப் போய்விட்டான். கதை படுத்துவிட்டது. ஆகவே அக்காவே இருக்கட்டும்.

அவள் வீட்டுக்குப் போனபோது பூண்டு உரித்துக்கொண்டிருந்தாள்.

“ஒரே ஒரு வாக்குமூலம்க்கா.”

“என்னன்னு?”

“நான் சலூன்ல பொறந்தேன்னு.”

“அம்மா ஆஸ்பத்திரின்னுதான் சொன்னாங்க.”

“அப்பா சலூன்னுதானே சொன்னார்?”

“துறைமுகத்துல கிரேன் ஓட்டினப்போ அதுல நிலாவைத் தூக்கி வேற எடத்துல வச்சேன்னும்தான் சொன்னார்.”

(இங்கே உங்களிடம் மட்டும் ஒரு ரகசியம். சலூனும் நாற்காலியும் அப்பா சொன்னவை. சுற்றியது மட்டும் அவர் சொன்னதல்ல. அது என் சொந்தச் சரக்கு. மகளுக்குச் சோறு ஊட்டும்போது கட்டியது. ஒரு வாய்க்கு ஒரு சுற்று.)

மகள் போனில் சொன்னதைச் சொன்னேன். அக்கா கையிலிருந்த பூண்டை, உரித்து முடித்த பிறகும் உரித்துக்கொண்டிருந்தாள்.

“எப்பப் போகணும்?”

“எங்கக்கா?”

“ஆபீசுக்குத்தான்டா.”

5

இந்த இடத்தில் எனக்கு மூன்று முடிவுகள் தோன்றின.

ஒன்று: தம்பிப் பாசத்தில் அக்கா பொய் சொல்கிறாள். முடியாது. அவள் பொய் சொன்னால் அதைக் கண்டுபிடித்து அவளே அறிக்கை எழுதிவிடுவாள்.

இரண்டு: கவுண்ட்டர் அம்மா அந்த முடிதிருத்துபவரின் பேத்தி! எழுதும்போது புல்லரித்தது. படிக்கும்போது கூசியது. அடித்துவிட்டேன்.

மூன்று: அக்கா மறுக்கிறாள். மனைவி தனியாகப் போகிறாள். நான் வீட்டில் போனைப் பார்த்துக்கொண்டு

இதை முடிக்க எனக்கு மனசு வரவில்லை.

6

நடந்தது இதுதான். அக்கா கவுண்ட்டருக்கு முன்னால் முதுகை நிமிர்த்தி நின்றாள்.

“இடம்?”

“முடிதிருத்தும் கடை. துறைமுகத்துக்குப் போற தெரு முனையில.”

நான் பெஞ்சில் உட்கார்ந்தேன். ஆடும் கால் ஆடியது.

“அப்பா ஷேவ் பண்ண உக்காந்திருந்தார். அம்மாவுக்கு வலி வந்துடுச்சு. என் கையைப் பிடிச்சுக்கிட்டு அவரைக் கூப்பிட வந்தாங்க. அதுக்கு மேல அவங்களால நடக்க முடியல. அப்பா எழுந்து நாற்காலியைக் குடுத்தார். பக்கத்து வீட்டு அம்மா ஓடி வந்தாங்க. கடைக்காரர் எல்லாரையும் வெளியே அனுப்பினார். என்னை அனுப்ப மறந்துட்டார்.”

கவுண்ட்டர் அம்மா எழுதியதை அக்கா வாங்கி இரண்டு தடவை படித்து, ஒரு சொல்லைத் திருத்தச் சொல்லிவிட்டுத்தான் கையெழுத்துப் போட்டாள்.

படியில் இறங்கும்போது கேட்டேன். “ஏன்க்கா இத்தனை வருஷமா...”

“அம்மாவுக்குக் கூச்சம். வெளியே சொல்லாதேன்னாங்க. அவங்க போன பிறகு சொல்லியிருக்கலாம். ஆனா பொய்னு நெனச்சுக்கிட்டே நீ இந்த ஆட்டம் ஆடுற. உண்மைன்னு தெரிஞ்சா உன்னைக் கட்டி மேய்க்க யாரால முடியும்?”

அப்போதுதான் உறைத்தது. ‘நீ ஆஸ்பத்திரியில் பிறந்தாய்’ என்று அவள் ஒரு தடவைகூடச் சொன்னதில்லை. ‘அம்மா ஆஸ்பத்திரின்னு சொன்னாங்க’ என்றுதான் சொல்லியிருக்கிறாள்.

மறுவாரம் அந்தக் கட்டைத் திறந்தார்கள். உள்ளே நான் இருந்தேன்.

7

இதோ, பாஸ்போர்ட் சட்டைப் பையில். (அந்த முத்திரைச் சட்டைதான்.) சற்று முன் மாப்பிள்ளை போன் செய்தார். லேசாக வலி தொடங்கியிருக்கிறது, ஆஸ்பத்திரிக்குக் கிளம்பிவிட்டார்களாம். எங்கள் விமானத்துக்கும் அழைப்பு வந்துவிட்டது. (தாமதத்துக்கு வருந்துகிறோம் என்ற அறிவிப்பாளரின் குரலில் வருத்தம் போதாது. நானாக இருந்தால் அழ வைத்திருப்பேன்.) பேரக்குழந்தை முந்துமா, தாத்தா முந்துவாரா? அதை நீங்களே எழுதிக்கொள்ளுங்கள். எழுதும்போது காற்றைக் கொஞ்சம் எங்கள் பக்கம் வீச வையுங்கள்.

அக்கா நான்காம் பகுதித் தாளை என் மூக்குக்கு நேரே நீட்டுகிறாள். அடைப்புக்குறிக்குள் விரல்.

“சுத்தினது உன் சொந்தச் சரக்கா?”

“ஆமாக்கா. அது மட்டும் பொய். ஒத்துக்கறேன்.”

“பெரிய கற்பனைக்காரர்!” மூக்குக் கண்ணாடியைக் கழற்றினாள். “கடைக்காரர் பதட்டத்துல நாற்காலிப் பூட்டைப் போடல. அம்மா வலியில சுவத்துல ஒரு உதை விட்டாங்க பாரு...”

“அக்கா!”

“கத்தாதே, அவ தூங்குறா.” முதல் தாளைத் தேடி எடுத்து, ‘ஏழு’ என்பதைச் சிவப்பில் அடித்தாள். “ஒண்ணரை. கண்ணாடியும் கிடையாது, தெருவைப் பார்த்துத்தான் பொறந்த. ஆனா சுத்துச்சுடா.”